வில்லி தேவைப்படாத வீடு

தங்கவயல் என்றதும் இன்று இந்தியாவின் எந்த மூலையிலும் நினைவுக்கு வருவது தாடி வைத்த ஒரு கதாநாயகனும் அவன் கையிலிருக்கும் சம்மட்டியும்தான். 2018ல் வந்த கே.ஜி.எஃப். படமும் 2022ல் வந்த அதன் இரண்டாம் பாகமும் செய்த காரியம் அது. அந்தப் படங்களில் சுரங்கம் ஒரு கொடுங்கோலனின் ரகசியக் கோட்டை. தொழிலாளிகள் அடிமைகள். கதை நடப்பதாகச் சொல்லப்படும் 1970களிலும் 80களிலும் நிஜமான கோலார் தங்கவயல் மத்திய அரசு நிறுவனமாக இருந்தது. அங்கே பிராவிடண்ட் ஃபண்ட் இருந்தது. ஷிஃப்டுக்கு ஊதும் சங்கு இருந்தது. தொழிற்சங்கத் தேர்தலும் அதையொட்டிய சண்டைகளும் இருந்தன.

2024ல் வந்த பா. ரஞ்சித்தின் தங்கலான் எதிர்த்திசையில் போனது. சுரங்கக் கம்பெனிகள் வருவதற்கு முந்தைய பத்தொன்பதாம் நூற்றாண்டுக்குப் பின்னோக்கிச் சென்று, வட ஆற்காட்டு மக்கள் தங்கம் தேடிப் போன கதையைப் புராணச் சாயலில் சொன்னது. ஒரு படம் வரலாற்றுக்கு முன்பக்கம் நிற்கிறது. மற்றது வரலாற்றுக்கு வெளியே நிற்கிறது. நடுவில் நூற்று இருபது ஆண்டுகள் அங்கே சமைத்து, சாப்பிட்டு, பிள்ளை பெற்று, சங்குச் சத்தம் கேட்டு எழுந்த குடும்பங்கள் இரண்டிலும் இல்லை.

இதற்கு இயக்குநர்களைக் குறை சொல்லிப் பயனில்லை. இரண்டரை மணி நேரத்தில் தங்கம் கிடைக்க வேண்டும், அல்லது பறிபோக வேண்டும். அந்தக் குடும்பங்கள் முக்கியமாகச் செய்தது காத்திருப்பது. ஷிஃப்ட் முடிந்து ஆள் மேலே வரக் காத்திருந்தார்கள். நுரையீரல் பரிசோதனை முடிவுக்குக் காத்திருந்தார்கள். சுரங்கம் மூடிய பிறகு, நிலுவைப் பணத்துக்கும் வீட்டுப் பத்திரத்துக்கும் காத்திருந்தார்கள். காத்திருப்பதைக் கதையாக்கத் தெரிந்த ஒரே வடிவம் தொலைக்காட்சித் தொடர். நாளைக்கு என்ன நடக்கும் என்ற ஒற்றைக் கேள்வியை வைத்துக்கொண்டு ஆயிரம் நாள் ஓட்டுவது அதன் தொழில். ஆகவே யாராவது ஒரு தொடரை உருவாக்கும் எண்ணத்தில் இருந்தால், அது நந்திதுர்க்கில், ஒரு கம்பெனி வீட்டில் நடக்கட்டும் என்பது என் யோசனை.

நந்திதுர்க் என்பது பெங்களூருக்கு வடக்கே இருக்கும் நந்தி மலைக் கோட்டையின் பெயர். வெள்ளைக்காரக் கம்பெனி அதைத் தன் சுரங்கத்துக்கு வைத்துக்கொண்டது. சுரங்கத்தைச் சுற்றி எழுந்த குடியிருப்புக்கும் அதுவே பெயராயிற்று. பாலகாட், ஊர்கம், சாம்பியன் ரீஃப், மைசூர் ஆகியவை தங்கவயலின் மற்ற முக்கியச் சுரங்கங்கள். ஊர் முழுக்கத் தமிழ், அரசாங்கம் கன்னடம், சுரங்கத்துக்குள் புழங்கிய தொழில் சொற்கள் பாதிக்கு மேல் இங்கிலீஷ். ஒரு தொடரின் வசனகர்த்தாவுக்கு இதைவிட என்ன வேண்டும்?

யோசனையைச் சொன்னவுடனே வரக்கூடிய ஆட்சேபணை எனக்குத் தெரியும். 'குடும்பக் கதை சரி, வில்லி யார்?'

நம் தொடர்களில் ஒரு வீட்டுக்கு வரும் ஆபத்து பெரும்பாலும் அந்த வீட்டுக்குள்ளேயே இருக்கிறது. அண்ணி, நாத்தனார், சித்தி, இரண்டாம் தாரம். இது எழுத்தாளர்களின் குரூரத்தால் வந்த வழக்கமல்ல, கணக்கில் பிறந்தது. வாரத்துக்கு ஐந்து, ஆறு எபிசோடுகள் வேண்டும். வாடகைக்கு ஒரு பெரிய வீடு எடுத்தால் கூடத்திலும் மாடிப்படியிலும் சமையலறையிலும் நாளெல்லாம் படம் பிடிக்கலாம். தெருவில் இறங்கினால் கூட்டம், அனுமதி, வெயில், செலவு. தொண்ணூறுகளின் இறுதியில் சன் டி.வி. போன்ற சேனல்களில் தயாரிப்பாளரே நேரத்துக்குக் கட்டணம் செலுத்தி, விளம்பரம் பிடித்து அதை மீட்க வேண்டியிருந்தது. அந்த நிலையில் எந்தத் தயாரிப்பாளர் கதையை வாசலுக்கு வெளியே அனுப்புவார்? கதவைச் சாத்திவிட்டு, உள்ளே இருப்பவர்களை ஒருவரோடு ஒருவர் மோத விட்டார்கள். வில்லி என்பவள் பட்ஜெட்டில் பிறந்த பெண்.

ஒரு தேதிப் பொருத்தத்தைப் பாருங்கள். ராதிகாவின் சித்தி 1999 டிசம்பரில் தொடங்கி 2001 நவம்பர் வரை ஓடியது. தமிழ்க் குடும்பங்களின் இரவு உணவு நேரத்தையே அது மாற்றியமைத்தது. அதற்கு நட்டநடுவில், 2001 பிப்ரவரி 28ஆம் தேதி, கோலார் தங்கச் சுரங்கங்கள் மூடப்பட்டன. மூவாயிரத்துக்கும் மேற்பட்டோருக்கு வேலை போனது. திரையில் ஒரு குடும்பம் உள்ளிருந்து வரும் துன்பத்தால் தவித்துக்கொண்டிருந்த அதே வாரத்தில், ஒரு ஊர் முழுவதும் உள்ள குடும்பங்கள் வெளியிலிருந்து வந்த ஒரு உத்தரவால் நிலைகுலைந்தன. அந்த இரண்டு கதைகளும் ஒன்றையொன்று சந்திக்கவே இல்லை.

சந்திக்க முடியாதவை அல்ல அவை. நம் தொலைக்காட்சி தொடங்கியதே அந்த இடத்தில்தான். அன்றைய தகவல் ஒலிபரப்பு அமைச்சர் வசந்த் சாத்தே 1982ல் மெக்சிகோ போய் வந்தார். அங்கே மிகெல் சபிதோ என்பவர் குடும்பக் கதைகளுக்குள் முதியோர் கல்வி, குடும்பக் கட்டுப்பாடு போன்ற செய்திகளைப் பொதித்து வெற்றி கண்டிருந்தார். அதன் விளைவாக 1984 ஜூலையில் தூர்தர்ஷனில் வந்தது ஹம் லோக். எழுதியவர் மனோகர் ஷியாம் ஜோஷி. குடிகாரத் தந்தை, அடங்கிப்போகும் தாய், கல்யாணமாகாத மூத்த பெண், வேலை கிடைக்காத பிள்ளை. ஒவ்வொரு எபிசோடின் முடிவிலும் அசோக்குமார் தோன்றி இரண்டு வார்த்தை பேசுவார்.

நமக்குப் பயன்படும் விஷயம் அதன் வெற்றியைவிட அதன் தொடக்கத் தடுமாற்றம். முதல் பதிமூன்று எபிசோடுகளில் குடும்பக் கட்டுப்பாட்டுப் பிரசாரம் தூக்கலாக இருந்தது. மக்கள் முகம் சுளித்தார்கள். பிரசாரத்தைக் குறைத்து, அந்த வீட்டாரின் சில்லறைக் கவலைகளைக் கூட்டினார்கள். பிறகு லட்சக்கணக்கில் கடிதங்கள் குவிந்தன. மூத்த பெண்ணுக்குக் கல்யாணம் ஆக வேண்டுமே என்று நாடே கவலைப்பட்டது. அதாவது, வெளியிலிருந்து ஒரு குடும்பத்தை நெரிக்கும் சக்தியைப் பற்றிப் பேச வேண்டுமானால், அந்தச் சக்தியைப் பற்றிப் பேசக் கூடாது. அது வீட்டுக்குள் வந்ததும் யார் யாரிடம் பேச்சை நிறுத்துகிறார்கள் என்பதைக் காட்ட வேண்டும்.

அதே ஜோஷி 1986ல் எழுதிய புனியாத் இன்னும் துணிச்சலானது. லாகூரில் தொடங்கி, பிரிவினையில் சிதறி, தில்லியில் மறுபடி வேர்விட முயலும் ஒரு குடும்பம். வரலாறு அந்த வீட்டின் நிலையைப் பெயர்த்து எறிகிறது. ஆனால் பார்த்தவர்கள் ஞாபகம் வைத்திருப்பது ஹவேலிராமையும் லாஜோஜியையும். தமிழில் திருமுருகனின் மெட்டி ஒலி 2002 முதல் 2005 வரை ஓடியது. ஐந்து பெண்களைக் கட்டிக்கொடுக்க வேண்டிய தகப்பனின் கதை. வரதட்சணை என்பதும் வெளியிலிருந்து வரும் நெருக்கடிதான், சம்பந்தி வேஷத்தில் வந்தாலும். ஆக, வாசல் கதவைத் திறந்து வைத்தால் மக்கள் பார்க்க மாட்டார்கள் என்பது பொய்.

சரி, நந்திதுர்க் வீட்டுக்கு வருவோம். முதலில் அந்த வீடே ஒரு கதாபாத்திரம். அது அவர்களுடையது அல்ல, கம்பெனியுடையது. சுரங்கத்தில் வேலை இருக்கும்வரை வீடு. ஆரம்ப நாட்களில் மூங்கில் தட்டிக் குடிசைகள்; பிறகு வரிசை வரிசையாக லைன் வீடுகள். ஒன்றிரண்டு அறை, ஒரு திண்ணை, பொதுக் குழாய். ஒரு வீட்டில் தாளித்தால் நான்கு வீட்டில் தும்முவார்கள். ரகசியம் பேச இடமில்லாத வீட்டில் நடக்கும் குடும்பக் கதைக்கு, மாடிப்படி வைத்த பங்களாவில் நடக்கும் கதையைவிட நாடகம் அதிகம். செலவும் குறைவு என்பதைத் தயாரிப்பாளர்கள் கவனிக்கவும்.

இந்த வீட்டில் தாத்தா, அப்பா, அம்மா, மூன்று பிள்ளைகள் என்று வைத்துக்கொள்வோம். கதையை 1992ல் தொடங்கலாம். பாரத் கோல்டு மைன்ஸ் நிறுவனத்தின் விவகாரம், பி.ஐ.எஃப்.ஆர். எனப்படும் நலிந்த தொழில் வாரியத்துக்குப் போன ஆண்டு அது. ஆனால் தாத்தா இருப்பதால், கதை அவர் வாய் வழியாக எவ்வளவு தூரம் வேண்டுமானாலும் பின்னால் போகலாம்.

எவ்வளவு தூரம்? லவெல் என்ற ஓய்வுபெற்ற அயர்லாந்து சிப்பாய் 1870களில் மைசூர் அரசிடம் தோண்ட உரிமை வாங்கியதும், 1880 முதல் ஜான் டெய்லர் அண்டு சன்ஸ் என்ற லண்டன் கம்பெனி பொறுப்பேற்றதும் பாடப் புத்தக விஷயங்கள். தாத்தாவுக்கு அவை வேண்டாம். அவர் சொல்ல வேண்டியது அவருடைய தகப்பனார் ஏன் வட ஆற்காட்டிலிருந்து நடந்து வந்தார் என்பது. வந்தவர்களில் மிகப் பெரும்பாலோர் தாழ்த்தப்பட்டவர்கள். ஊரில் பண்ணை வேலை, கூலியாக தானியம், தெருவில் நடக்கக் கட்டுப்பாடு. இங்கே கையில் காசு, மேலாக சட்டை, பிள்ளைக்குப் பள்ளிக்கூடம். அயோத்திதாசப் பண்டிதரின் பௌத்த இயக்கம் வேர்பிடித்த முக்கியமான இடங்களில் ஒன்று தங்கவயல். அவர் நடத்திய தமிழன் இதழ் அவர் மறைவுக்குப் பிறகு 1920களில் இங்கிருந்துதான் மறுபிறவி எடுத்தது. பகலில் பாறை உடைத்தவர்கள் மாலையில் பத்திரிகை படித்து விவாதித்த ஊர் இது.

அதே சுரங்கம் அவர்களைத் தின்றும் தீர்த்தது. பாறைத் தூசி நுரையீரலில் படிந்து வரும் சிலிகோசிஸ் நோய் பற்றி இந்தியாவில் நடந்த முதல் பெரிய ஆய்வு கோலாரில்தான் நடந்தது. 1947ல் வெளியான அதன் முடிவு, பரிசோதிக்கப்பட்ட 7,653 தொழிலாளர்களில் 43.7 சதவீதத்தினருக்கு நோய் என்றது. இது ஒரு எண். தொடரில் இது எண்ணாக வரக் கூடாது. அப்பா மூன்று படி ஏறி நின்று மூச்சு வாங்குவதை மகள் பார்த்துவிடுகிறாள். அப்பா, 'அம்மாகிட்ட சொல்லாதம்மா' என்கிறார். ஆஸ்பத்திரியில் நோய் இருக்கிறது என்று எழுதினால் நஷ்டஈடு உண்டு, ஆனால் அண்டர்கிரவுண்ட் வேலையும் அதனால் வரும் படியும் போகும். நோய் இல்லை என்றால் சம்பளம் உண்டு, மூச்சு இல்லை. பரிசோதனைக்குப் போகலாமா வேண்டாமா என்பதில் ஒரு குடும்பம் இரண்டு வாரம் சண்டை போடலாம். இந்தச் சண்டையில் யாரும் கெட்டவர் இல்லை. அதனால்தான் இது முடியாது.

நான் சொல்ல வருவதன் மையம் இதுதான். வெளி நெருக்கடியைக் காட்டுவதில் வழக்கமான தவறு, குடும்பத்தைப் புனிதமாக்கிவிடுவது. உள்ளே எல்லோரும் நல்லவர்கள், வெளியே ஒரு அரக்கன். அப்படி ஒரு குடும்பம் எங்கும் இருந்ததில்லை. நெருக்கடி வந்தால் வீடு ஒன்றாகச் சேர்ந்து நிற்பதற்கு முன்னால் முதலில் விரிசல் விடும். தாத்தாவுக்குச் சுரங்கம் விடுதலை. அப்பாவுக்கு அது சம்பளம். அம்மாவுக்கு பயம். பெரிய பையனுக்கு வாரிசு வேலை. சின்னப் பெண்ணுக்கு அது தப்பித்து ஓட வேண்டிய பள்ளம். ஒரே சங்குச் சத்தம் ஐந்து பேர் காதில் ஐந்து விதமாக விழுகிறது. இவர்கள் எல்லோரும் ஒருவரையொருவர் நேசிக்கிறார்கள். இதற்குமேல் வில்லி எதற்கு?

கம்பெனியை ஒருபோதும் திரையில் காட்ட வேண்டாம் என்பேன். சுழல் நாற்காலியில் உட்கார்ந்து சுருட்டுப் பிடிக்கும் துரை வேண்டாம். கோட்டுப் போட்ட சேர்மன் வேண்டாம். கம்பெனி, அந்த வீட்டுக்கு ஒரு தாளாகவும் ஒரு சத்தமாகவுமே வரட்டும்.

சத்தம் என்றால் சங்கு மட்டும் அல்ல. மூன்று கிலோமீட்டருக்கும் அதிக ஆழம் வரை தோண்டிய சாம்பியன் ரீஃப் ஒரு காலத்தில் உலகத்தின் மிக ஆழமான சுரங்கங்களில் ஒன்று. அவ்வளவு ஆழத்தில் மேலிருந்து அழுத்தும் பாறையின் எடை தாங்காமல், குடைந்த இடங்களின் சுவர் திடீரென்று வெடித்துச் சிதறும். பொறியாளர்கள் இதைப் பாறை வெடிப்பு என்பார்கள். தங்கவயலில் இதற்குப் பழைய பெயர் ஏர் பிளாஸ்ட். பெரிய வெடிப்பு என்றால் மேலே வீட்டுச் சுவர் அதிரும், அலமாரியில் தட்டு உருளும். இதைக் காட்ட ஒரு அடி சுரங்கம்கூட செட் போட வேண்டியதில்லை. சோறு வடித்துக்கொண்டிருக்கும் அம்மா, நடுங்கும் ஒரு எவர்சில்வர் டம்ளர், பிறகு லைன் முழுவதும் கதவு திறக்கும் ஓசை. யார் இந்த ஷிஃப்டில் இறங்கியிருக்கிறார்கள் என்று ஒருவரும் வாய்விட்டுக் கேட்பதில்லை. பெண்கள் ஷாஃப்ட் பக்கம் நடக்கத் தொடங்குகிறார்கள். 'தொடரும்' என்று போடுவதற்கு இதைவிடச் சரியான இடம் எந்தத் தொடருக்கும் கிடைத்ததில்லை.

தாள்கள் பல வகை. 1930ல் வந்த தாள், தொழிலாளிகள் எல்லோரும் கைரேகை பதிய வேண்டும் என்றது. தங்கத் திருட்டுச் சந்தேகம் எப்போதும் இருந்த இடம். ஆனால் திருடனைப்போல ரேகை வைப்பதா என்று ஆயிரக்கணக்கானோர் 21 நாட்கள் வேலைக்கு இறங்கவில்லை. 1946 நவம்பர் 4ஆம் தேதி போலீஸ் துப்பாக்கிச் சூட்டில் ஆறு தொழிலாளிகள் இறந்தார்கள். 1956ல் மைசூர் அரசு சுரங்கங்களை எடுத்துக்கொண்டது. 1962ல் மத்திய அரசிடம் போயின. துரை போய் சர்க்கார் வந்தது. தாத்தா இனிப்பு வாங்கியிருப்பார். சர்க்கார் வந்த பிறகும் வாசலில் சோதனை மாறவில்லையே என்று அப்பா கேட்டிருப்பார்.

இன்னொரு நெருக்கடியை நம் தொடர்கள் தொட அஞ்சும்: மொழி. தங்கவயலுக்கு மின்சாரம் கொடுத்தது காவிரி. சிவசமுத்திரத்தில் 1902ல் தொடங்கிய நீர்மின் நிலையத்திலிருந்து கம்பி இழுத்து முதலில் இந்தச் சுரங்கங்களுக்குத்தான் கொண்டுவந்தார்கள். அன்று உலகத்தின் மிக நீளமான மின்பாதைகளில் ஒன்று அது. அதே காவிரியின் பெயரால் 1991 டிசம்பரில் கர்நாடகத்தில் தமிழர்களுக்கு எதிராகக் கலவரம் வெடித்தபோது, பெங்களூரில் பிள்ளைகளும் உறவினரும் இருந்த தங்கவயல் வீடுகளில் யாரும் நிம்மதியாகத் தூங்கியிருக்க முடியாது. அதற்கு முன் 1982ல் கோகாக் கிளர்ச்சி. பெரிய பையனைத் தமிழ்ப் பள்ளியில் போட்டார்கள். சின்னப் பெண்ணைக் கன்னடப் பள்ளியில் போடலாமா? தாத்தாவுக்கு அது துரோகம். அம்மாவுக்கு அது வேலைவாய்ப்பு. இந்த விவாதத்தை ஒரு கட்சிக்காரர் மேடையில் பேசினால் கைதட்டல் கிடைக்கும். பள்ளிக்கூட விண்ணப்பப் படிவத்தை எதிரில் வைத்துக்கொண்டு அம்மா பேசினால், மும்பையிலும் தில்லியிலும் இருக்கும் தமிழ்க் குடும்பம் ஒவ்வொன்றுக்கும் தன் வீட்டுக் கதையாகப்படும்.

வெளிநாட்டில் இது செய்து பார்க்கப்பட்ட வேலைதான். வேல்ஸ் நாட்டு நிலக்கரிச் சுரங்கக் குடும்பத்தைப் பற்றி ரிச்சர்ட் லெவலின் 1939ல் எழுதிய நாவல் ஹௌ கிரீன் வாஸ் மை வேலி. ஜான் ஃபோர்டு அதை 1941ல் படமாக்கினார். பி.பி.சி. 1975ல் அதைத் தொடராகத் தந்தது. அதில் சுரங்கக் கழிவு மேடு வருஷா வருஷம் வளர்ந்து, கடைசியில் வீட்டையே நெருக்குகிறது. கழிவு மேடு என்றால் நந்திதுர்க்கில் யாருக்கும் விளக்க வேண்டாம். பாறையை அரைத்து சயனைடு கலந்து தங்கம் பிரித்த பின் கொட்டிய மண், மூன்று கோடி டன்னுக்கும் மேலாக, ஊருக்கு நடுவே மலை மலையாக நிற்கிறது. காற்றடிக்கும் மாதங்களில் அந்த மாவு சோற்றுப் பானை வரை வருகிறது. பல படங்களுக்கு அதுதான் பாலைவனம், கே.ஜி.எஃப். படத்தின் படப்பிடிப்பும் அங்கே நடந்தது. நம் தொடரில் ஒரு வாரத்தை இதற்கு ஒதுக்கலாம். தங்கவயலைப் பற்றிய ஒரு பிரம்மாண்டப் படத்தின் யூனிட் மேட்டில் இறங்குகிறது. அந்த வீட்டுப் பேரனுக்குத் துணை நடிகர் வேலை கிடைக்கிறது. அடிமை வேஷம். முகத்தில் கரி பூசிக்கொண்டு வீட்டுக்கு வருகிறான். முப்பது வருஷம் நிஜமாகவே சுரங்கத்தில் இறங்கிய அப்பா அவனை ஏற இறங்கப் பார்க்கிறார்.

மூடல் எப்போது வர வேண்டும்? புதிதாக எழுதுபவர்கள் அதைக் கடைசி எபிசோடில் வைப்பார்கள். நான் சரியாகப் பாதியில் வைப்பேன். நிஜத்தில் கதை அங்கேதான் திசை மாறுகிறது. கடைசி ஆண்டுகளில் ஒரு டன் பாறைக்குச் சுமார் 3 கிராம் தங்கம்தான் கிடைத்தது. ஆரம்ப காலத்தில் கிடைத்ததோடு ஒப்பிட்டால் அது பத்தில் ஒரு பங்குகூட இல்லை. கணக்குப் பார்த்தவர்களுக்கு மூடுவது நியாயம். நூற்று இருபது ஆண்டுகளில் இந்தப் பூமியிலிருந்து ஏறக்குறைய 800 டன் தங்கம் எடுத்துக் கொடுத்தவர்களுக்கு என்ன ஏற்பாடு என்ற கேள்விக்குத்தான் கணக்கில் இடமிருக்கவில்லை.

மூடிய பிறகு ஊரின் கடிகாரம் சங்கிலிருந்து ரயிலுக்கு மாறியது. மாரிகுப்பத்தில் தொடங்கி சாம்பியன், ஊர்கம், கோரமண்டல் வழியாக பங்காருப்பேட்டை போகும் கிளைப்பாதை 1894ல் சுரங்கத்துக்காகப் போடப்பட்டது. இன்று அதில் விடிவதற்கு முன்னால் ஏறி பெங்களூருக்கு வேலைக்குப் போய், இருட்டிய பிறகு திரும்பும் ஆயிரக்கணக்கானோர் இருக்கிறார்கள். செக்யூரிட்டி வேலை, ஆஸ்பத்திரி வேலை, கட்டட வேலை, கம்ப்யூட்டர் கம்பெனி. பாட்டன் பூமிக்கு அடியில் போய் வந்தான். பேரன் நூறு கிலோமீட்டர் பக்கவாட்டில் போய் வருகிறான். இருவருமே வீட்டு வெளிச்சத்தைப் பார்ப்பது ஞாயிற்றுக்கிழமைதான். பெங்களூரிலேயே வாடகைக்கு வீடு பார்த்தால் என்ன என்று மருமகள் கேட்கிறாள். கேட்பது நியாயம். ஆனால் வீட்டைக் காலி செய்தால் அதன் மேலிருக்கும் உரிமை போய்விடும் என்று பயந்து, அப்பா அந்தத் திண்ணையை விட்டு நகர மறுக்கிறார். மாமனாருக்கும் மருமகளுக்கும் வழக்கு. நம் தொடர்களுக்கு மிகப் பழக்கமான மோதல். ஆனால் இதன் மூல காரணம் தில்லியில் ஒரு கோப்பில் இருக்கிறது. பார்க்கிற பெண்மணிக்கு இது புரியும். அவர் வீட்டு மாமனாருக்கும் எங்கோ ஒரு கோப்பு இருக்கும்.

இதை எந்தச் சேனல் எடுக்கும் என்று கேட்பீர்கள். மத்தியான நேரம் கிடைத்தாலும் போதும். ஓ.டி.டி. நிறுவனங்கள் வந்த பிறகு எட்டு எபிசோடில் முடிக்கும் வசதியும் இருக்கிறது. ஆனால் எட்டு எபிசோடு என்றதும் ஒரு பிணம், ஒரு போலீஸ் இன்ஸ்பெக்டர், ஒரு மர்மம் என்று போகும் ஆபத்தும் இருக்கிறது. நந்திதுர்க்கில் மர்மம் ஒன்றும் இல்லை. என்ன நடந்தது என்று எல்லோருக்கும் தெரியும். அதை நாள்தோறும் கொஞ்சம் கொஞ்சமாக எப்படிச் சுமந்தார்கள் என்பதுதான் கதை. அதற்குத் தினத்தொடரின் நிதானமே பொருத்தம். விளம்பரதாரர் பயப்பட வேண்டாம். ஹம் லோக்கின் கீழ்நடுத்தரக் குடும்பத்தை நம்பிப் பணம் போட்டு, தன் நூடுல்ஸை நாடெங்கும் கொண்டுபோன கம்பெனியின் உதாரணம் இருக்கிறது.

எழுதுபவர்களுக்கு ஒரு நிபந்தனை மட்டும் உண்டு. சென்னையில் ஓட்டல் அறையில் உட்கார்ந்து கதை விவாதம் செய்யக் கூடாது. விடியற்கால ரயிலில் மாரிகுப்பத்திலிருந்து பத்து நாள் பயணம் செய்ய வேண்டும். தங்கவயல் தமிழ் கொச்சையும் அல்ல, சென்னைத் தமிழும் அல்ல. வட ஆற்காட்டுப் பேச்சில் கன்னடமும் தெலுங்கும் சுரங்க இங்கிலீஷும் கலந்து ஊறியது. அதை நகைச்சுவை நடிகருக்குக் கொடுத்துவிட்டால் தொடர் அன்றே செத்தது.

முடிவு என்ன? நிஜமே இன்னும் முடிவைச் சொல்லவில்லை. 2013ல் உச்ச நீதிமன்றம் சுரங்கத்துக்கு உலகளாவிய டெண்டர் விட வழிவிட்டது. சங்கு திரும்ப ஊதவில்லை. 2024 ஜூனில், பதிமூன்று கழிவு மேடுகளைத் தோண்டி மிச்சத் தங்கத்தை எடுக்கும் மத்திய அரசின் திட்டத்துக்குக் கர்நாடக அமைச்சரவை ஒப்புதல் தந்தது. இத்தனை ஆண்டுகள் தூசியாக வீட்டுக்குள் வந்த மண் மறுபடி தங்கம் ஆகிறது. வேலை வரும் என்கிறான் பேரன். மேட்டைக் கிளறினால் இன்னும் எவ்வளவு தூசி வரும் என்கிறாள் பேத்தி. இருமலுக்கு நடுவே அப்பா ஒன்றும் சொல்லவில்லை. அலமாரியைத் திறந்து, தன் பழைய சர்வீஸ் கார்டு பத்திரமாக இருக்கிறதா என்று பார்க்கிறார். வேலைக்கு மனுப் போட அது உதவுமா, வீட்டுக்கு உரிமை கேட்க அது உதவுமா என்று அவருக்கே தெரியாது.

அந்த இடத்தில் நிறுத்தி, 'தொடரும்' என்று போடலாம். அது பொய்யாக இருக்காது.